சூட்டர்: செருப்புத் தைப்பவருக்கு ஸ்காட்லாந்து வைத்திருந்த பழைய பெயர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஸ்காட்லாந்துக் கவிஞர் ராபர்ட் பர்ன்ஸின் கவிதையில் ஒரு குடிகார நண்பன், அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் ஒரு நீதிபதி, ஸ்காட்லாந்தின் வடகிழக்குக் கடலோரத்தில் இரண்டு குன்றுகள், இங்கிலாந்து எல்லைக்குப் பக்கத்தில் ஒரு சிற்றூரின் மக்கள். இவர்கள் எல்லோருக்கும் பெயரில் ஒரே சொல்தான். அந்தச் சொல்லைப் பற்றி வழக்கமாக வரும் கேள்விகளும் அவற்றுக்கான பதில்களும் இங்கே.

சூட்டர் என்றால் என்ன?

செருப்பும் ஷூவும் தைப்பவர். புதிதாகச் செய்பவரையும் குறிக்கும், பழையதைச் சரிசெய்பவரையும் குறிக்கும். ஸ்காட்ஸ் மொழிச் சொல் இது. ஸ்காட்ஸ் என்பது தெற்கு, கிழக்கு ஸ்காட்லாந்தில் பேசப்படும் மொழி. ஆங்கிலத்தோடு ஒரே வேரில் கிளைத்தது. மலைநாட்டிலும் மேற்குத் தீவுகளிலும் பேசப்பட்ட கேலிக் முற்றிலும் வேறு மொழி. அங்கே செருப்புத் தைப்பவருக்கு வேறு சொல் உண்டு. கிராசிக் என்ற குடும்பப் பெயர் அந்தக் கேலிக் சொல்லிலிருந்து வந்ததுதான்.

எப்படி உச்சரிப்பது?

‘சூரியன்’ என்று சொல்லும்போது வரும் ‘சூ’வோடு தொடங்குங்கள், சூட்டர். ஆங்கில எழுத்துகளைப் பார்த்து ‘சௌட்டர்’ என்று படிப்பவர்கள் நிறைய. ஸ்காட்லாந்தில் அப்படிச் சொல்வதில்லை. எழுதுவதில்தான் ஏகப்பட்ட குழப்பம். எழுத்துக்கூட்டு நிலைபெறாத காலத்தில் ஒரே ஆளின் பெயரையே எழுத்தருக்கு எழுத்தர் மாற்றி எழுதினார்கள். அதனால் இன்றைக்கு நடுவில் ‘ஓ’ உள்ளது, இல்லாதது, கடைசியில் ‘ஏஆர்’ வருவது, ‘இஆர்’ வருவது, ‘ஓஆர்’ வருவது, இரட்டை ‘டி’ போட்டது என்று பல வடிவங்கள் கிடைக்கின்றன. எல்லாம் ஒரே சொல்.

சரி, எங்கிருந்து வந்தது?

லத்தீனிலிருந்து. லத்தீனில் ‘சூவெரே’ என்றால் தைப்பது, ‘சூட்டோர்’ என்றால் தைப்பவர். எதைத் தைப்பவர் என்று அந்தச் சொல்லுக்குள் எதுவும் இல்லை. ஆனால் ரோமானியர்களின் பேச்சில் சூட்டோர் என்றாலே தோலைத் தைப்பவர், குறிப்பாகச் செருப்புத் தைப்பவர்தான். அறுவை சிகிச்சைக்குப் பின் மருத்துவர் ‘சூச்சர்’ போட்டிருக்கிறேன் என்கிறாரே, அதுவும் இந்த ‘சூவெரே’யின் பிள்ளைதான்.

ரோமானியர்களோடு பழகிய ஜெர்மானிய இனத்தார் பல தொழில் சொற்களை லத்தீனிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். அவற்றில் இதுவும் ஒன்று. பழைய ஆங்கிலத்தில் ‘சூட்டெரெ’, பழைய நார்ஸில் ‘சூட்டாரி’, பழைய உயர் ஜெர்மனில் ‘சூட்டாரி’. பழைய ஆங்கில வடிவத்தின் நேர் வாரிசுதான் ஸ்காட்ஸ் சூட்டர்.

அப்படியானால் இது ஆங்கிலச் சொல்லும்தானே? ஸ்காட்லாந்துக்கு மட்டும் உரியதாக எப்படி ஆனது?

ஆமாம், இங்கிலாந்திலும் இருந்தது. 14ஆம் நூற்றாண்டில் ஆங்கிலக் கவிஞர் சாசர் இதைப் பயன்படுத்தியிருக்கிறார். அவருடைய கேன்டர்பரி கதைகளில் விடுதிக்காரர், ஊர்க் கணக்கனைப் பிரசங்கம் செய்ய வைத்ததும், சூட்டரை மாலுமியாகவோ வைத்தியனாகவோ ஆக்கியதும் பிசாசின் வேலை என்று எரிச்சலோடு சொல்வார். அதே காலத்து ‘பியர்ஸ் ப்ளோமன்’ கவிதையில், சாராயக் கடைப் பலகையில் உட்கார்ந்திருக்கும் கூட்டத்தில் ஒரு பெண் சூட்டரும் இருக்கிறாள். பெண்பால் விகுதி போட்டுத் தனிச் சொல்லே உண்டு அதற்கு.

ஆனால் ஆங்கிலத்தில் அதற்குப் போட்டி ஆரம்பத்திலிருந்தே இருந்தது. கி.பி. 1000 வாக்கில் ஆல்ஃப்ரிக் என்ற துறவி லத்தீன் படிக்கும் சிறுவர்களுக்காக ஓர் உரையாடல் எழுதினார். அதில் ஒவ்வொரு தொழில்காரரும் தன் வேலையைச் சொல்வார். லத்தீனில் ‘சூட்டோர்’ என்று இருக்கும் ஆளுக்கு மேலே பழைய ஆங்கிலத்தில் எழுதியிருப்பது, ‘ஷூ செய்பவர்’ என்ற பொருள்தரும் நாட்டுச் சொல். அந்த ஆள் தன் சரக்கைப் பட்டியலிடுவதைப் பார்க்க வேண்டும்: செருப்பு, காலுறை, தோல் குடுவை, கடிவாளம், பை. தோலில் செய்யக்கூடியது எல்லாமே அவர் கடையில் கிடைத்தது.

நாளடைவில் தெற்கில் ‘ஷூமேக்கர்’ நிலைத்தது, சூட்டர் மங்கிப்போனது. வட இங்கிலாந்தின் வட்டார வழக்குகளிலும் ஸ்காட்ஸிலும் அது தங்கிவிட்டது. லண்டன் பேச்சில் கழிந்துபோன பழைய சொற்கள் பலவும் வடக்கே உயிரோடிருந்த கதைதான் இது.

சமஸ்கிருத ‘சூத்திர’த்துக்கும் இதற்கும் தொடர்பு இருக்கிறதா? சும்மா ஒலி ஒப்புமையா?

தொடர்பு இருக்கிறது, ஆனால் தூரத்துச் சொந்தம். இந்தோ-ஐரோப்பிய மொழிகளுக்கு மூலமான மொழியில் தைப்பதைக் குறித்த ஒரு வேர் இருந்தது. லத்தீன் ‘சூவெரே’, ஆங்கிலத்தின் தைத்தல் வினை, சமஸ்கிருத ‘சீவ்யதி’ எல்லாம் அதன் கிளைகள். நூலைக் குறிக்கும் ‘சூத்ர’வையும் இந்தக் குடும்பத்தில்தான் சேர்க்கிறார்கள். தமிழில் நாம் எழுதும் ‘சூத்திரம்’ அங்கிருந்து கடனாக வந்தது. எனவே பள்ளிக்கூடக் கணக்குச் சூத்திரமும் ஸ்காட்லாந்துச் சூட்டரும் எங்கோ ஒரு கொள்ளுத் தாத்தாவைப் பகிர்ந்துகொள்கின்றன.

இன்னொரு வேடிக்கை. மகாராஷ்டிரத்தில் ‘சுதார்’, குஜராத், ராஜஸ்தானில் ‘சுத்தார்’ என்று குடும்பப் பெயர்கள் உண்டு. தச்சர்கள். அளவு நூலைப் பிடிப்பவர் என்ற பொருளில் ‘சூத்ரதார’ என்பதிலிருந்து வந்தவை. ஒன்று தச்சர், மற்றது செருப்புத் தைப்பவர். பெயர்கள் கிட்டத்தட்ட ஒரே ஒலி. வேரும் ஒன்றுதான் என்றாலும் இந்தியப் பெயர் ஸ்காட்லாந்துக்குப் போகவில்லை, ஸ்காட்லாந்துப் பெயர் இங்கே வரவில்லை. ‘சூத்திரர்’ என்ற வருணப் பெயருக்கும் இதற்கும் எந்த உறவும் கிடையாது, அது வேறு சொல். இணையத்தில் மூன்றையும் முடிச்சுப்போட்டு எழுதுகிறவர்கள் இருப்பதால் இதைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

சூட்டர், கார்டினர், காப்ளர்: மூன்றும் ஒன்றா?

கார்டினர் என்பது கைவினைஞர் சங்கத்தின் பெயர்ப்பலகையில் இருந்த சொல். ஸ்பெயினின் கோர்டோபா நகரத்து ஆட்டுத்தோல் இடைக்கால ஐரோப்பாவில் பெயர்பெற்றது. அந்தத் தோலில் வேலை செய்பவர் என்ற பொருளில் பிரெஞ்சு வழியாக வந்தது இங்கிலாந்தின் ‘கார்ட்வெய்னர்’. அதன் ஸ்காட்ஸ் வடிவம் கார்டினர். கிளாஸ்கோவின் 14 கைவினைஞர் சங்கங்களில் கார்டினர்களுடையதும் ஒன்று, இன்றும் இருக்கிறது. காப்ளர் என்பவர் பழையதை ஒட்டுப்போடுகிறவர்.

சூட்டர் இந்த இரண்டு பேருக்கும் நடுவில் தாராளமாக உலவிய பேச்சுச் சொல். பத்திரத்தில் கையெழுத்துப் போடும்போது கார்டினர். தெருவில் கூப்பிடும்போது சூட்டர்.

ஸ்காட்லாந்தில் இந்தத் தொழிலை இழிவாகப் பார்த்தார்களா?

நம் ஊரில் தோல் வேலை செய்தவர்களுக்கு நடந்ததைத் தெரிந்த யாருக்கும் முதலில் எழும் கேள்வி இதுதான்.

கேலி நிறைய உண்டு, தீண்டாமை இல்லை. தொழில் பிறப்பால் வந்ததல்ல. யார் பிள்ளையும் ஒரு சூட்டரிடம் வேலை பழகப் போகலாம். பழகி முடித்துச் சங்கத்தில் சேர்ந்தால் ஊரின் உரிமைக் குடிமகன் ஆகலாம். சங்கத் தலைவருக்கு ‘டீக்கன்’ என்று பெயர். டீக்கன்கள் நகர நிர்வாகத்தில் குரல் உள்ளவர்கள். சூட்டரின் மகன் வேறு தொழிலுக்குப் போவதை யாரும் தடுக்கவில்லை.

கேலிக்கு நல்ல சான்று வில்லியம் டன்பார். நான்காம் ஜேம்ஸ் மன்னரின் அவைக் கவிஞர், 1500ஐ ஒட்டிய காலம். ஒரு தையற்காரரும் ஒரு சூட்டரும் நரகத்தில் பிசாசின் முன்னால் குதிரையேறி ஈட்டிச் சண்டை போடுவதாக ஒரு கவிதை எழுதினார். பிரபுக்களின் வீரவிளையாட்டை இவர்கள் ஆடினால் எப்படியிருக்கும் என்பதுதான் அதன் சிரிப்பு. அந்தச் சிரிப்பு அசிங்கமான சிரிப்பு, பயத்தில் வயிறு கலங்குவது வரை போகும். பிறகு சமாதானம் சொல்வதுபோல் இன்னொரு கவிதை எழுதினார். தையற்காரர்களே, சூட்டர்களே, நீங்கள் ஆசீர்வதிக்கப்பட்டவர்கள், கடவுள் கோணலாகப் படைத்த உடம்பையும் பாதத்தையும் நீங்கள் சரிசெய்துவிடுகிறீர்கள் என்று போகும் அது. மன்னிப்பா, இரண்டாவது குத்தா என்று படித்தவர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். என் காதுக்கு அது இரண்டாவது குத்தாகத்தான் கேட்கிறது.

செல்கர்க் ஊர்க்காரர்கள் எல்லோரையும் சூட்டர் என்கிறார்களே, ஏன்?

செல்கர்க், இங்கிலாந்து எல்லைக்கு அருகே மலைச்சரிவில் இருக்கும் ஒரு பழைய ஊர். அங்கே பிறந்தவர் வழக்கறிஞரானாலும் பேருந்து ஓட்டினாலும் பெயர் சூட்டர்தான். மதுரைக்காரர் என்பதுபோல ஊர்ப்பெயராகவே ஆகிவிட்டது.

காரணம் எளிது. ஒருகாலத்தில் ஊரின் பெரிய தொழில் அதுதான். செல்கர்க்கில் செய்தவற்றுக்கு ‘ஒற்றை அடி ஷூ’ என்று பெயர். மெல்லிய ஒரே ஓர் அடித்தோலோடு விற்பார்கள். வாங்கிப்போனவர் தன் வசதிக்கு ஏற்ப அதன் கீழே இன்னொரு தடித்த தோலை வைத்துத் தைத்துக்கொள்ள வேண்டும். பாதி வேலையை வாங்குபவர் தலையில் கட்டும் வியாபாரம். 1745இல் பிரிட்டன் அரியணைக்கு உரிமை கோரிய இளவரசர் சார்லஸ் எட்வர்டின் கலகப்படை எடின்பரோவைக் கைப்பற்றியபோது, நடந்தே தெற்கு நோக்கிப் போகவேண்டிய அந்தப் படைக்கும் செல்கர்க் சூட்டர்களிடமிருந்து ஷூ போயிற்று.

ஊரின் நினைவில் இதைவிடப் பெரியது 1513 செப்டம்பர் 9. அன்று ஃப்ளாடன் போர்க்களத்தில் ஆங்கிலேயரிடம் ஸ்காட்லாந்து தோற்றது. நான்காம் ஜேம்ஸ் மன்னரே களத்தில் இறந்தார். டன்பாரைத் தன் அவையில் வைத்திருந்த அதே மன்னர். செல்கர்க்கிலிருந்து 80 பேர் போனார்கள், ஃப்ளெச்சர் என்ற ஒருவர் மட்டும் பிடித்த ஆங்கிலக் கொடியோடு திரும்பினார் என்பது ஊர்க் கதை. சந்தைவெளிக்கு வந்தவர், யாரும் மிஞ்சவில்லை என்று வாயால் சொல்ல முடியாமல் கொடியைத் தலைக்கு மேலே சுழற்றித் தரையில் வீழ்த்திக் காட்டினாராம். வரலாற்றாசிரியர்கள் இதை ஆவணமாக எடுத்துக்கொள்வதில்லை. ஆனால் ஒவ்வொரு ஜூன் மாதமும் ஊர் எல்லையைக் குதிரையில் சுற்றிவரும் விழாவின் முடிவில் அந்தக் கொடியசைப்பை அப்படியே செய்துகாட்டுகிறார்கள். போரின் 400ஆம் ஆண்டில், 1913இல், சிற்பி தாமஸ் க்ளாப்பர்ட்டன் செய்த ஃப்ளெச்சர் சிலையும் அங்கே வைக்கப்பட்டது.

விழாவில் ஒலிக்கும் பழைய பாட்டு ஒன்று செல்கர்க் சூட்டர்களை வாழ்த்தி, ஹோம் பிரபுவைத் தூற்றும். ஃப்ளாடனில் ஹோம் பிரபு கைவிட்டுவிட்டார் என்ற கோபம் அது என்று ஒரு தரப்பு. இல்லை, சூட்டர்களுக்கும் ஹோம் ஆட்களுக்கும் நடந்த கால்பந்து ஆட்டத்தின் ஆரவாரம்தான் என்று மறுதரப்பு. நாவலாசிரியர் வால்டர் ஸ்காட் காலத்திலேயே இந்தச் சண்டை அச்சில் நடந்தது.

பன்றி மயிரை நக்கும் சடங்கு உண்மையா?

உண்மை. செல்கர்க்கில் வெளியாள் ஒருவருக்குக் கௌரவக் குடியுரிமை கொடுக்கும்போது, பன்றி மயிர்க் கற்றை ஒன்றை மதுவில் நனைத்து வாயில் வைத்து எடுக்கச் சொல்வார்கள். அந்த மயிருக்கு ஸ்காட்ஸில் ‘பிர்ஸ்’ என்று பெயர். வாயில் வைத்ததும் ஆள் சூட்டராகிவிடுவார். 1799 முதல் 1832இல் இறக்கும்வரை அந்த மாவட்டத்தின் ஷெரிஃபாக இருந்த வால்டர் ஸ்காட் இந்தச் சடங்கைப் பற்றி எழுதியிருக்கிறார். அந்தக் காலத்தில் குடியுரிமைப் பத்திரத்தின் முத்திரையோடும் சில மயிர்களைக் கட்டித் தந்தார்கள்.

ஏன் பன்றி மயிர்? இதற்குத் தொழிலைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். அந்தக் காலத்துச் செருப்புத் தையலில் கண்ணுள்ள ஊசி கிடையாது. குத்தூசியால் தோலில் துளை போடுவார்கள், வளைந்த துளை. சணல் நூல் இழைகளைச் சேர்த்து முறுக்கி, கீலும் பிசினும் கலந்த கறுப்பு மெழுகைத் தேய்த்து விறைப்பாக்குவார்கள். அந்த நூலின் இரண்டு நுனியிலும் காட்டுப்பன்றியின் முரட்டு மயிரைப் பிணைத்துவிடுவார்கள். மயிர் வளையும், ஆனால் மடங்காது. வளைந்த துளைக்குள் வழிதேடிப் போய் மறுபக்கம் வந்துவிடும். ஒரே துளைக்குள் இடமிருந்து ஒரு நுனி, வலமிருந்து ஒரு நுனி. இரண்டையும் எதிரெதிராக இழுத்து இறுக்கினால் ஒரு தையல். ஓர் இடத்தில் நூல் அறுந்தாலும் மற்றத் தையல்கள் பிரியாது.

தைக்கும்போது இரண்டு கையும் வேலையாக இருப்பதால் மயிரை உதட்டில் கவ்விக்கொள்வது வழக்கம். சடங்கின் மூலம் அதுதான். ‘பிர்ஸ்’ பேச்சிலும் நுழைந்திருக்கிறது. ஒருவருடைய பிர்ஸ் எழுந்துவிட்டது என்றால் அவருக்குக் கோபம் வந்துவிட்டது என்று பொருள். காட்டுப்பன்றி சீறும்போது முதுகு மயிர் நிற்பதை நினைத்துக்கொள்ளுங்கள்.

பர்ன்ஸின் சூட்டர் ஜானி நிஜ ஆளா?

1790இல் எழுதி 1791இல் வெளியான ‘டாம் ஓ ஷான்டர்’ கவிதையில் வருகிறார். சந்தை நாள் முடிந்து அயர் நகரத்துச் சாராயக் கடையில் டாம் உட்கார்ந்திருக்கிறான். அவன் முழங்கைக்குப் பக்கத்தில் சூட்டர் ஜானி. வெகுகாலத்து நண்பன், நம்பிக்கையானவன், தீராத தாகக்காரன். வாரக்கணக்காகச் சேர்ந்து குடித்தவர்கள். சூட்டர் விநோதக் கதைகளாகச் சொல்லிக்கொண்டே போவான், கடைக்காரர் சிரிப்பார், வெளியே புயல். ஜானியின் பங்கு அவ்வளவுதான். மந்திரக்காரிகளிடம் மாட்டிக்கொண்டு குதிரையில் தப்பி ஓடுவது டாம் மட்டும்.

கிர்க்காஸ்வால்ட் கிராமத்துச் செருப்புத் தொழிலாளி ஜான் டேவிட்சன்தான் ஜானிக்கு மாதிரி என்பது நெடுநாளைய ஊர்வழக்கு. பர்ன்ஸ் 1775இல் நில அளவை படிக்க அந்தக் கிராமத்தில் ஒரு கோடைக்காலம் தங்கியிருந்தார். டேவிட்சன் 1785இல் கட்டிய கூரை வீடு இன்றும் அங்கே நிற்கிறது. ஜேம்ஸ் தாம் என்ற அயர்ஷயர் சிற்பி மணற்கல்லில் செதுக்கிய ஆளுயர டாமும் சூட்டரும் அந்த வீட்டோடு சேர்ந்தவர்கள்.

கதைசொல்லி ஏன் ஒரு கொல்லராகவோ மாவரைப்பவராகவோ இல்லாமல் சூட்டராக இருக்கிறார்? கொல்லரின் கடையில் சத்தம், ஆலையிலும் சத்தம். செருப்புத் தைப்பவரின் வேலை உட்கார்ந்த வேலை, சத்தம் குறைவு, வாய் சும்மா இருக்கும். வந்தவர் செருப்பு தயாராகும்வரை காத்திருப்பார். ஊர் வம்பு முதல் நாட்டு அரசியல்வரை பேச அதைவிட நல்ல இடம் கிடையாது.

அரசியல் என்றதும் கேட்கிறேன்: செருப்புத் தைப்பவர்கள் கலகக்காரர்கள் என்று சொல்வது ஸ்காட்லாந்துக்கும் பொருந்துமா?

நன்றாகவே பொருந்தும். 1752இல் ஸ்டர்லிங்ஷயரின் லார்பெர்ட்டில் பிறந்த தாமஸ் ஹார்டியை எடுத்துக்கொள்ளுங்கள். அதே பெயர் கொண்ட நாவலாசிரியர் அல்ல, இவர் செருப்புத் தைப்பவர். லண்டனுக்குப் போய்க் கடை வைத்தார். 1792 ஜனவரியில் லண்டன் கடிதத் தொடர்புக் கழகத்தைத் தொடங்கினார். சாதாரண உழைப்பாளிகளுக்கும் வாக்குரிமை வேண்டும் என்று கேட்ட அமைப்பு அது. அரசு அவர்மேல் ராஜத்துரோக வழக்குப் போட்டது. தண்டனை என்றால் தூக்கு. 1794 நவம்பர் 5ஆம் தேதி நடுவர் குழு அவரை விடுவித்தது.

வேறு மாதிரியான இன்னொருவர் பான்ஃப் ஊரின் தாமஸ் எட்வர்ட் (1814–1886). பகலெல்லாம் செருப்புத் தைத்துவிட்டு இரவில் கடற்கரையிலும் காட்டிலும் பூச்சி, பறவை, நண்டு வகைகளைத் தேடித் திரிந்தார். அறிவியல் அறியாத சிறிய கடலுயிரிகள் சிலவற்றைக் கண்டெடுத்தார். 1876இல் சாமுவேல் ஸ்மைல்ஸ் அவருடைய வாழ்க்கையைப் புத்தகமாக எழுதிய பிறகுதான் நாடு அவரைத் திரும்பிப் பார்த்தது.

‘செருப்புக்கு மேலே போகாதே’ என்ற பழைய வாசகம் இவர்களைப் பற்றியதா?

ஆமாம், லத்தீனில் அதில் வருவது இதே ‘சூட்டோர்’ சொல்தான். கதையை ரோமானிய எழுத்தாளர் மூத்த ப்ளினி சொல்கிறார். கிரேக்க ஓவியர் அபெல்லீஸ் தன் படங்களை வெளியே வைத்துவிட்டு, பார்ப்பவர்கள் பேசுவதை மறைவிலிருந்து கேட்பாராம். ஒரு செருப்புத் தைப்பவர் படத்திலிருந்த செருப்பில் ஒரு வார் குறைகிறது என்றார். அபெல்லீஸ் திருத்திவிட்டார். மறுநாள் அதே ஆள் காலின் வடிவத்தையும் குறைசொல்லத் தொடங்க, செருப்புக்கு மேலே போகவேண்டாம் என்று அதட்டினாராம்.

1819இல் கட்டுரையாளர் வில்லியம் ஹாஸ்லிட் இந்த லத்தீனை வைத்து ‘அல்ட்ராகிரெபிடேரியன்’ என்று ஒரு வசைச்சொல்லை விமர்சகர் வில்லியம் கிஃபோர்டின்மேல் வீசினார். தெரியாத விஷயத்தில் தீர்ப்புச் சொல்பவன் என்று பொருள். கிஃபோர்ட் இளமையில் உண்மையிலேயே செருப்புக் கடையில் வேலை பழகியவர் என்பதால் அடி இரண்டு மடங்கு. முதல் நாள் அந்தச் செருப்புத் தைப்பவர் சொன்னது சரிதான், ஓவியரே திருத்தினார் என்பதை இந்தக் கதையைச் சொல்கிறவர்கள் சீக்கிரம் மறந்துவிடுகிறார்கள்.

ஸ்காட்ஸ் பழமொழி ஒன்றும் உண்டு: சூட்டரின் மனைவிக்கும் கொல்லரின் குதிரைக்கும்தான் எப்போதும் மோசமான காலணி.

‘ஸ்னாப்’ என்ற சொல்லும் செருப்புத் தைப்பவரையே குறித்ததாமே?

குறித்தது. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஆங்கிலப் பேச்சில் ஸ்னாப் என்றால் செருப்புத் தைப்பவர் அல்லது அவரிடம் வேலை பழகும் பையன். ஸ்காட்ஸிலும் கிட்டத்தட்ட இதே வடிவத்தில், இதே பொருளில் இருந்தது. கேம்பிரிட்ஜ் மாணவர்கள் தங்களைச் சேராத ஊர்க்காரர்களையெல்லாம் அப்படி அழைத்தார்கள். பிறகு கீழ்த்தட்டு ஆள் என்றாகி, மேல்தட்டைப் பார்த்துப் பாவனை செய்பவன் என்றாகி, இன்று மற்றவரை மட்டமாகப் பார்ப்பவன் என்று தலைகீழாக நிற்கிறது. சூட்டருக்கும் இதற்கும் வேர் உறவு இல்லை, தொழில் உறவு மட்டும்.

கர்லிங் விளையாட்டில் ‘சூட்டர் ஆக்குவது’ என்றால்?

எதிரணிக்கு ஒரு புள்ளிகூடக் கொடுக்காமல் ஜெயிப்பது. கர்லிங் என்பது பனிக்கட்டித் தரையில் கனமான கருங்கல்லை வழுக்கிவிட்டு ஆடும் ஸ்காட்லாந்து ஆட்டம். டம்ஃப்ரீஸ்ஷயரின் லாக்மேபன் ஊரில் செருப்புத் தைப்பவர்களே சேர்ந்து ஒரு அணி வைத்திருந்தார்கள். வருகிற அணிகளையெல்லாம் பூஜ்யத்தில் அனுப்பியதால் அவர்கள் தொழிலின் பெயரே வினைச்சொல் ஆகிவிட்டதாம்.

க்ரோமார்ட்டியில் இருக்கும் குன்றுகளுக்கு ஏன் இந்தப் பெயர்?

க்ரோமார்ட்டி கடற்கழியின் வாயில் இருபுறமும் எதிரெதிராக நிற்கும் செங்குத்துக் குன்றுகள் வட சூட்டர், தென் சூட்டர். இரண்டு அரக்கச் செருப்புத் தைப்பவர்கள் அங்கே உட்கார்ந்து வேலை செய்ததாகவும், ஒரே ஒரு செட் கருவிகளை வைத்துக்கொண்டு தண்ணீருக்கு மேலாக ஒருவருக்கொருவர் எறிந்து பரிமாறிக்கொண்டதாகவும் கதை. கதை பெயருக்குப் பிறகு வந்திருக்கவே வாய்ப்பு அதிகம். ஊர்ப்பெயர்க் கதைகள் பெரும்பாலும் அப்படித்தான் பிறக்கின்றன.

எடின்பரோவுக்குத் தென்கிழக்கே இடைக்கால மருத்துவமனைக்குப் பெயர்பெற்ற ‘சூட்ரா’ குன்றை இதோடு சேர்க்காதீர்கள். அது வெல்ஷ் மொழிக்கு நெருக்கமான பழைய பிரித்தானிய மொழிப் பெயர்.

வேறு எந்த மொழிகளில் இந்தச் சொல் இருக்கிறது?

ஜெர்மனில் செருப்புத் தைப்பவரைக் குறிக்கும் ‘ஷூஸ்டர்’ என்ற சொல்லை உடைத்துப் பார்த்தால் ‘ஷூ’வும் ‘சூட்டரும்’ ஒட்டிக்கொண்டிருப்பது தெரியும். சுட்டர், சூட்டர், சௌட்டர் என்ற ஜெர்மன், சுவிஸ் குடும்பப் பெயர்களும், பெல்ஜியத்தின் ‘டெ சுட்டர்’ பெயரும் இதே இனம். 1848இல் கலிஃபோர்னியாவில் யாருடைய மர ஆலையில் தங்கம் கிடைத்து உலகமே அங்கே ஓடியதோ, அந்த ஜான் சட்டரும் பிறப்பில் ‘சூட்டர்’தான்.

ஃபின்லாந்துக்காரர்களுக்கு இது இன்றும் அன்றாடச் சொல். செருப்புத் தைப்பவர் அங்கே ‘சூட்டாரி’. ஸ்வீடிஷ் வழியாகப் போனது. அதே சொல் அங்கே ஒரு நன்னீர் மீனையும் குறிக்கும், வெடிக்காமல் போன குண்டையும் குறிக்கும்.

என் நண்பரின் குடும்பப் பெயர் சூட்டர். அவருடைய முன்னோர் செருப்புத் தைத்தவர்களா?

தந்தை வழியில் எங்கோ ஒருவர் தைத்திருப்பார், பெரும்பாலும். ஸ்காட்லாந்தில் குடும்பப் பெயர்கள் உறைந்துபோன காலத்தில் அந்த ஒரு தலைமுறை அந்த வேலையில் இருந்தது என்பதற்குமேல் பெயர் எதையும் சொல்லாது. எல்லா ஊரிலும் ஒரு சூட்டர் இருந்ததால் ஒரே பெயருள்ள இரண்டு குடும்பங்கள் உறவாக இருக்கவேண்டிய கட்டாயமும் இல்லை. பெர்த் நகரத்துக் கவிஞர் வில்லியம் சூட்டர் (1898–1943), ஸ்டேஜ்கோச் பேருந்து நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான பிரையன் சூட்டர், 1990 முதல் 2009 வரை அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் இருந்த டேவிட் சூட்டர் என்று பெயர் பரவிக் கிடக்கிறது. எழுத்துக்கூட்டு வேறுபடுவதை வைத்து ‘நாங்கள் வேறு, அவர்கள் வேறு’ என்று முடிவுகட்ட முடியாது. பழைய திருச்சபைப் பதிவேடுகளைத் தேடும்போது எல்லா வடிவங்களையும் போட்டுத் தேடச் சொல்லுங்கள்.

இன்றைய ஸ்காட்லாந்தில் செருப்புக் கடைக்குப் போய் ‘சூட்டர்’ என்று கூப்பிட்டால் புரியுமா?

வயதானவர்களுக்குப் புரியலாம். இளையவர்கள் குடும்பப் பெயர் என்று நினைப்பார்கள். கடைப்பலகையில் இருப்பது காப்ளர் அல்லது ஷூ ரிப்பேர்தான். செல்கர்க்கில் கூப்பிட்டால் மட்டும் கடைக்காரரோடு சேர்ந்து வரிசையில் நிற்கிறவர்களும் திரும்பிப் பார்ப்பார்கள்.

சொல்லின் பழைய மேற்கோள்களை வரிசையாகப் பார்க்க விரும்புபவர்கள் ஸ்காட்ஸ் மொழி அகராதியை இணையத்தில் இலவசமாகப் பார்க்கலாம். 1700க்கு முந்தைய சொற்களுக்கு ஒன்று, பிந்தையவற்றுக்கு ஒன்று என்று இரண்டு பெரிய அகராதிகளை அதில் சேர்த்திருக்கிறார்கள். ‘சூட்டரின் பிராந்தி’ என்றால் மோர் என்பது போன்ற சரக்கெல்லாம் அங்கேதான் கிடைக்கும்.